முன்தகட்டுக்கு வந்த மைக்

மாணிக்கம் மைக்கின் முன்னால் குனிந்தான். பேசவில்லை, மூச்சு மட்டும் விட்டான். கடை வாசலில் கட்டியிருந்த ஒலிபெருக்கிக் குழாயில் அந்த மூச்சு வந்தது. எதிர்ச்சாரியில் தேங்காய் உரித்துக்கொண்டிருந்த ஆள் நிமிர்ந்து பார்த்தார்.

"டெங்கார்?" என்று கேட்டான் மாணிக்கம். மலாயில், கேட்கிறதா என்று அர்த்தம்.

கேட்டது. மூச்சுக்குப் பின்னால் ஒரு பொட்டு இரைச்சல் இல்லை. எங்கள் சீனத் தவுக்கே வாயிலிருந்த சுருட்டை எடுத்துவிட்டுச் சிரித்தார். லேசில் சிரிக்கிற முதலாளி இல்லை அவர். இரண்டு வருடம் அவர் கடையில் வேலை பார்த்திருந்தேன், ஒரு நாளும் என்னைப் பார்த்து அப்படிச் சிரித்ததில்லை.

நானும் சிரித்து வைத்தேன். உள்ளே வயிறு பற்றி எரிந்தது.

மலாயாவுக்குச் சுதந்திரம் வந்து, தெருத் தோரணங்கள் சாயம் வெளுத்துக்கொண்டிருந்த காலம் அது. மலாக்கா காஜா பெராங்கில் ரேடியோ பழுதுபார்க்கும் கடை ஒன்றில் நானும் மாணிக்கமும் ஒரே மேசையின் இரண்டு பக்கம் உட்கார்ந்து வேலை செய்தோம். எனக்கு இருபத்திரண்டு வயது இருக்கும். அவன் என்னைவிட ஒன்றிரண்டு வயது மூத்தவன். இந்தத் தொடரில் இதுவரை என் பெருமைகளைத்தான் எழுதி வந்திருக்கிறேன். இந்த வாரம் சிறுமை ஒன்றை எழுதுகிறேன்.

பின்னால் இருந்தது முன்னால் வந்தது

கடையில் வாடகைக்கு விடும் மைக் செட் ஒன்று இருந்தது. கனமான இரும்புப் பெட்டி. உள்ளே கண்ணாடி வால்வுகள் சிவந்து எரியும். மைக்கைச் செருகும் துளை அதன் முதுகில் இருந்தது. விழாவுக்கு விழா, மேடைக்குப் பின்னால் போய், பெட்டியைத் திருப்பி, தடவிப் பார்த்துத்தான் செருக வேண்டும். யாராவது கம்பியில் கால் இடறினால் முதுகுத் துளையோடு பிய்த்துக்கொண்டு வரும்.

துளையை முன்தகட்டுக்குக் கொண்டுவந்தால் என்ன என்று மாணிக்கம்தான் கேட்டான். மைக்குக்கு ஒன்று, இசைத்தட்டுக்கு ஒன்று என்று இரண்டு துளைகள் முன்னால். அங்கிருந்து கம்பி இழுத்து, பெட்டிக்குள் பின்பக்கம் இருக்கும் பித்தளைக் காதுகளில் பற்றவைக்க வேண்டும்.

"ஆகாது" என்றேன் நான். தவுக்கேயின் முன்னால், வாடிக்கையாளர் இருவர் நிற்கும்போதே சொன்னேன். "மைக்கிலிருந்து வருவது நூல்போன்ற சின்னச் சத்தம். அதை அவ்வளவு தூரம் உள்ளே இழுத்தால் மின்சாரத்தின் இரைச்சலையும் சேர்த்துக்கொண்டுதான் வரும். மைக் செட் தேனீக்கூடு ஆகிவிடும்."

அறிவாளித்தனமாகத்தான் பேசினேன். பேச்சில் பிழை இல்லை. ஆனால் மாணிக்கம், உள்ளே ஒரு கம்பி, அதைச் சுற்றி வலைபோல் பின்னிய இன்னொரு கம்பி என்று இருக்கும் ஒருவகைக் கம்பியைத் தேடிப் பிடித்து வந்தான். சத்தம் உள்கம்பியில் போகும். வெளிவலை இரைச்சலைத் தடுத்துப் பெட்டியின் இரும்பில் இறக்கிவிடும். உள்கம்பி ஒரு காதில், வலை அடுத்த காதில். அவ்வளவுதான் சூட்சுமம். எனக்கும் தெரிந்த சூட்சுமம். எனக்கு ஏன் தோன்றவில்லை என்பதுதான் என்னைக் குடைந்தது.

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். என் கூடத்தை அவன் இரண்டே நாளில் நேராக்கிக் காட்டிவிட்டான்.

ஊசி இல்லாத இடம்

சென்ற மாதம் ஆயர் குரோவில் ஒரு கணினிக் கடையில் என் மகளோடு உட்கார்ந்திருந்தேன். அவளுடைய கணினிப் பெட்டியின் முன்பக்க யூஎஸ்பி துளைகள் வேலை செய்யவில்லை. கடைக்காரப் பெண் லோகா பெட்டியைத் திறந்தாள். உள்ளே பச்சைப் பலகை. அதன் விளிம்பில் இரண்டு வரிசையாகச் சின்ன ஊசிகள். முன்பக்கத்திலிருந்து வரும் கம்பி கழன்று தொங்கிக்கொண்டிருந்தது.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பின்னால் இருக்கும் துளையை முன்னால் கொண்டுவரும் அதே வேலை! பெயர்தான் மாறியிருக்கிறது.

"தப்பா சொருகினா என்னம்மா ஆவும்?" என்று கேட்டேன்.

"எரிஞ்சி போயிரும் அங்கிள். செவப்புல கரெண்டு, கறுப்பு எர்த். மாறிட்டா முன்னால சொருகற பென்டிரைவ் காலி. ஆனா மாத்திச் சொருக முடியாதுலா. இங்க பாருங்க, பத்து ஊசி இருக்கற எடத்துல ஒம்பதுதான் இருக்கு. ஒரு எடம் காலி. சொருகற பக்கமும் அந்த ஒரு ஓட்டைய அடைச்சி வச்சிருக்கான். திருப்பிப் போட்டா உள்ளயே போவாது."

நான் அந்தக் காலி இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். மனிதன் தப்பு செய்வான் என்று முன்கூட்டியே நினைத்து, ஒரு ஊசியைப் பிடுங்கிப் போட்டிருக்கிறார்கள். எங்கள் பித்தளைக் காதுகளுக்கு அப்படிக் காவல் எதுவும் கிடையாது. எந்தக் கம்பியையும் எந்தக் காதிலும் வைக்கலாம். தெரியாமல் மாற்றி வைக்கலாம். தெரிந்தும் மாற்றி வைக்கலாம்.

கடிதம் வேண்டாதவன்

மாணிக்கம் மேல் எனக்கு ஏன் அவ்வளவு பொறாமை? வேலைத் திறமை மட்டும் காரணம் என்றால் இத்தனை வருடம் கழித்து எழுத ஒன்றும் இல்லை.

அவன் மலாக்கா செட்டி. அவனுடைய முன்னோர்கள் கப்பலேறி வந்து எத்தனையோ தலைமுறை ஆகிவிட்டது. வீட்டில் பேசுவது மலாய். நெற்றியில் திருநீறு இருக்கும், பெயர் மாணிக்கம் பிள்ளை, ஆனால் தமிழில் 'தண்ணி கொடு' என்றால் விழிப்பான். எங்களுக்குள் பேச்செல்லாம் மலாய்தான். காஜா பெராங்கில் அவர்களுக்குச் சொந்த மண், சொந்த வீடு, சொந்தக் கோயில். தெருவில் போனால் மலாய்க்காரரும் சீனரும் அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார்கள்.

நான் பத்து பெரெண்டாம் என்ற ஊருக்கு அந்தப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் வளர்ந்தவன். பிறந்தது கடலுக்கு அந்தக் கரையில். கைக்குழந்தையாக அம்மா தூக்கி வந்தாள். புதிய நாடு பிறந்தபோது மாணிக்கம் அதன் பிரஜையாகவே காலையில் கண் விழித்தான். எனக்கும் அம்மாவுக்கும் மனுப் போட வேண்டும், சாட்சி வேண்டும், அத்தாட்சிக் கடிதம் வேண்டும். என்ன கடிதம், எங்கே போட வேண்டும் என்று தோட்டத்தில் ஒருவருக்கும் தெளிவாகத் தெரியாது.

அதைச் சொல்லத்தான் தமிழ்ப் பள்ளித் திடலில் ஒரு கூட்டம் ஏற்பாடு ஆனது. வக்கீல் ஒருவர் வந்து குடியுரிமைக்கு எப்படிப் பதிவது என்று தமிழில் விளக்குவார். ஞாயிறு பிற்பகல். தோட்டங்களிலிருந்து லோரிகளில் ஆட்கள் வருவார்கள். மைக் செட் எங்கள் கடையுடையது.

யார் மைக் செட்டோடு போவது? ஒரு தமிழ்க் கூட்டத்துக்குத் தமிழன் போவதுதானே முறை? என் அம்மா வருகிற கூட்டம். நான் அந்தப் பெட்டிக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பதை அவள் பார்க்க வேண்டும். தோட்டமே பார்க்க வேண்டும்.

தவுக்கே சுருட்டால் மாணிக்கத்தைச் சுட்டிக் காட்டினார். "இவன் பார்த்துக்கொள்வான். முன்தகடு இவன் வேலை. ஆறுமுகம், நீ கூடப் போய்த் தூக்கிவிடு."

தூக்கிவிடு! அந்தச் சொல் எனக்குள் இறங்கிப் புளித்துக்கொண்டே இருந்தது.

கை செய்த தவறு

கூட்டத்தன்று நல்ல பழக்காலம். தெருவெல்லாம் டுரியான் வாசம். மாணிக்கத்தின் வீட்டில் முன்னோர்களுக்குப் படையல் போடும் நாளும் அதுதான். பழக்காலத்தில் ஒரு முறை அவர்கள் அதைச் செய்வார்கள். இலை விரித்து, சோறும் கறியும் பழமும் பரப்பி, கதவைச் சாத்திவிட்டு வெளியே நிற்பார்கள். முன்னோர் வந்து சாப்பிட்டுப் போகும்வரை யாரும் உள்ளே போகக் கூடாது.

"நான் வீட்டுக்குப் போய்விட்டு நேராகத் திடலுக்கு வருகிறேன். நீ பெட்டியைக் கொண்டுபோய் வை" என்று சொல்லிவிட்டுப் போனான். என்னை நம்பித்தான் போனான்.

தவுக்கே மாடியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் பெட்டியின் மேல்மூடியைக் கழற்றினேன். மாணிக்கத்தின் வேலை கண்ணுக்கு அழகாக இருந்தது, அது இன்னும் எரிச்சலைக் கிளப்பியது. பற்றவைக்கும் இரும்பைச் சூடாக்கினேன். கம்பிகளைச் சேர்த்துக் கட்டியிருந்த மெழுகு நூலை அறுத்தேன். மைக் கம்பியின் உள்கம்பியை ஒரு காதிலிருந்து எடுத்து மற்றதில் வைத்தேன். வலையை முதல் காதுக்கு மாற்றினேன். இனி வலை இரைச்சலைத் தடுக்காது, வாரிக்கொண்டு வரும். இசைத்தட்டுக் கம்பியைத் தொடவில்லை. பாட்டு ஒழுங்காகப் பாடும். மைக்கைத் திறந்தால்தான் தெரியும்.

கெடுக்கிறேன் என்று நான் எனக்குச் சொல்லிக்கொள்ளவில்லை. நான் சொன்னது பலிக்கட்டும் என்றுதான் சொல்லிக்கொண்டேன். பொறாமைக்காரன் தன்னிடம் பேசும்போது எப்போதும் நியாயவாதிதான்.

பிறகு கம்பிகளைத் திரும்பவும் நூலால் கட்டி, மூடியைப் பூட்டினேன்.

இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். கம்பி கட்டுவதில் எங்கள் தொழிலில் ஒவ்வொருவனுக்கும் ஒரு முடிச்சு. மாணிக்கம் சாதாரண முடிச்சுப் போட்டு நுனியை ஒட்ட நறுக்குவான். என்னுடையது தோட்டத்து முடிச்சு. அம்மா புகைவீட்டில் ரப்பர் தகடுகளைக் கட்டும்போது போடுவது, இரண்டு சுற்றுச் சுற்றி அடியில் நுழைத்து இழுப்பது. கடையில் வேறு யாரும் அப்படிக் கட்டுவதில்லை. ஒரு பெட்டியைத் திறந்ததும் இது ஆறுமுகம் பார்த்தது என்று தவுக்கேகூடச் சொல்லிவிடுவார்.

அன்று என் கை, யோசிக்காமல், தன் வழக்கப்படி அந்த முடிச்சையே போட்டுவிட்டது. எனக்கு அது உறைக்கவே இல்லை.

திடலில்

மூன்று சக்கரப் பெச்சா வண்டியில் பெட்டியை ஏற்றிக்கொண்டு போய் மேடையோரம் வைத்தேன். பள்ளிச் சுவரிலிருந்து மின்சாரம். இசைத்தட்டு பாடியது. கூட்டத்துச் செயலாளர் பெருமாள், "அடடா, கணீர்னு இருக்கே ரேடியோக்காரரே!" என்றார்.

புக்கிட் ரம்பாய்ப் பக்கத்திலிருந்து ஒரு லோரி, பத்து பெரெண்டாமிலிருந்து இரண்டு. அம்மா பெண்கள் பக்கம் கடைசி வரிசையில் உட்கார்ந்து, கழுத்தை நீட்டி என்னைத் தேடினாள். நான் பெட்டியின் பக்கத்தில் போய் நின்றுகொண்டேன்.

கூட்டம் தொடங்கும் நேரத்தில் மாணிக்கம் வந்தான். சட்டையில் சாம்பிராணி வாசம். தவுக்கேயும் வந்து முன்வரிசையில் உட்கார்ந்தார். தன் கடைச் சாமான் எப்படிப் பேசுகிறது என்று பார்க்கும் ஆசை அவருக்கு.

வக்கீல் எழுந்தார். மாணிக்கம் மைக்கின் குமிழைத் திருப்பினான்.

ங்ஙொய் என்று திடலே அதிர்ந்தது. வக்கீலின் வாய் அசைந்தது, வார்த்தை வரவில்லை. முன்னால் இருந்த பிள்ளைகள் காதைப் பொத்திக்கொண்டன. மாணிக்கம் குமிழைக் குறைத்தான். இரைச்சல் குறைந்தது, குரலும் சேர்ந்து செத்தது.

"என்னாலா இது? மனுசன் பேசறது கேக்கலயே!" என்று ஒருவர் கத்தினார்.

"தமிழ் தெரியாதவன உட்கார வச்சா இப்படித்தான்!" என்றார் இன்னொருவர்.

எனக்கு அப்போது எப்படி இருந்தது என்று மறைக்காமல் எழுதுகிறேன். இனித்தது. மாணிக்கத்தின் கழுத்தில் வேர்வை வழிவதைப் பார்க்கப் பார்க்க இனித்தது. தவுக்கே என் பக்கம் திரும்பிப் பார்த்தார், 'நீ சொன்னாயே' என்பதுபோல. அது இன்னும் இனித்தது.

வக்கீல் மைக்கை விட்டுவிட்டுத் தொண்டையால் பேசிப் பார்த்தார். முதல் மூன்று வரிசைக்கு எட்டியிருக்கும். பின்னால் பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு கிழவர் கையில் பழைய காகிதக் கட்டோடு மேடைப் பக்கம் நடந்து வர, அவரைப் பிடித்து உட்கார வைத்தார்கள். லோரிகள் ஐந்து மணிக்குத் திரும்பிவிடும்.

நீட்டிய இரும்பு

மாணிக்கம் பெட்டிக்கு வரும் மின்சாரத்தை நிறுத்தி, மூடியைக் கழற்றினான். தவுக்கே எழுந்து வருவதைப் பார்த்தேன். மாணிக்கம் உள்ளே குனிந்தான். குனிந்தவன் அப்படியே நின்றான்.

பிறகு தலையைத் தூக்கி என்னைப் பார்த்தான். அப்போதுதான் எனக்கு முடிச்சு ஞாபகம் வந்தது.

தவுக்கே பெட்டியை நெருங்க இன்னும் நாலு எட்டு. மாணிக்கம் நிமிர்ந்து, உடம்பால் பெட்டியை மறைத்து நின்று, எல்லாருக்கும் கேட்கும்படி மலாயில் சொன்னான்: "எனக்குப் புரியவில்லை, தவுக்கே. ஆறுமுகம்தான் சரி செய்வான். அவன் முதலிலேயே சொன்னான்." பையிலிருந்து பற்றவைக்கும் இரும்பை எடுத்து, கைப்பிடியை என் பக்கம் நீட்டினான். "லூ பூவாட்லா." நீயே செய்.

இரும்பு சூடாக ஐந்து நிமிடம் ஆகியிருக்கும். என் வாழ்க்கையில் அவ்வளவு நீளமான ஐந்து நிமிடம் வேறு இல்லை. நூலை அறுத்தேன். கம்பிகளைப் பழையபடி மாற்றிப் பற்றவைத்தேன். ஈயம் கொஞ்சம் சிந்தியது. கட்டினேன், மூடினேன்.

"வணக்கம்" என்றார் வக்கீல். திடல் முழுதும் வணக்கம் பரவியது. கைதட்டினார்கள், வக்கீலுக்கு இல்லை, எனக்கு.

"நம்ம பையன்னா நம்ம பையன்தான்லா!" என்று பெருமாள் என் முதுகில் தட்டினார். கடைசி வரிசையில் அம்மா எழுந்து நின்றே பக்கத்திலிருந்தவளிடம் என்னைக் காட்டினாள். தவுக்கே சிரித்தார். இரண்டு வருடமாக நான் காத்திருந்த சிரிப்பு. மாணிக்கம் பெட்டியருகே இருந்த தன் நாற்காலியை என் பக்கம் தள்ளிவிட்டு, பள்ளித் தாழ்வாரத்துத் தூண் ஓரமாகப் போய் நின்றான்.

நான் கேட்டதெல்லாம் ஒரே பிற்பகலில் கிடைத்துவிட்டது. நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன், தொடையில் ஊசி குத்துவதுபோல் இருந்தது.

இலையில் சோறு

கூட்டம் கலைந்ததும், "வீட்டுக்கு வா. படையல் சோறு இருக்கிறது" என்றான் மாணிக்கம். அவன் பின்னாலேயே போனேன்.

கெபாயா என்ற மலாய் மேல்சட்டை உடுத்திய அவன் அக்கா இலை போட்டு, தேங்காய்ப்பால் சோறும் மீனும் வைத்தார். மங்குஸ்தீன் பழம் உரித்து வைத்தார். அவர் உள்ளே போனதும் நான் சொன்னேன்: "அந்த முடிச்சு என்னுடையது."

"தெரியும்."

"பிறகு ஏன்?"

"தவுக்கே பார்த்திருப்பார். நான் சரிசெய்திருந்தால், உன் முடிச்சு அங்கே ஏன் வந்தது என்று கேட்டிருப்பார். நீ சரிசெய்தால் உன் முடிச்சு அங்கே இருப்பதுதானே நியாயம்? இன்று என் வீட்டில் பெரியவர்கள் வந்து சாப்பிட்ட நாள். ஒருவனுடைய சோற்றைப் பிடுங்கிவிட்டு வந்து நான் எப்படிச் சாப்பிடுவது?"

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அவனுடைய திறமை மேலும், வீட்டின் மேலும், பிரஜை உரிமை மேலும் இருந்த பொறாமை போதாதென்று, இப்போது அவன் மனத்தின் மேலும் பொறாமை வந்துவிட்டது. மற்றவற்றையாவது முயன்றால் ஒருநாள் அடையலாம். இதை எங்கே போய் வாங்குவது?

"எனக்கும் உன்மேல் பொறாமைதான்" என்றான் அவன், மீன்முள்ளை எடுத்துக்கொண்டே. நான் நிமிர்ந்து பார்த்தேன். அவன் சமாதானத்துக்குச் சொல்லவில்லை. முகம் சிறுத்திருந்தது. "அந்த வக்கீல் ஏதோ சொன்னார், எல்லாரும் சிரித்தார்கள். வேறு ஏதோ சொன்னார், ஒரு கிழவர் அழுதார். என்னைப் போலவே முகம், என்னைப் போலவே திருநீறு. எனக்கு ஒரு சொல் புரியவில்லை. தூணோடு தூணாக நின்றேன். நீ கொடுத்துவைத்தவன். சொல்லு, என்ன பேசினார்? ஏன் அழுதார் அந்தக் கிழவர்?"

சொல்ல வாயைத் திறந்தேன்.

இரைச்சல் இருந்தவரை இரைச்சலைக் கேட்டுக்கொண்டிருந்தேன். அது போன பிறகு கைதட்டலைக் கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு தூணோரம் நின்ற மாணிக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு மணி நேரத்துக்கும் மேலாக, ஒலிபெருக்கிக்கு நேர் கீழே உட்கார்ந்து, என் தாய்மொழியில் ஒரு வாக்கியம்கூட நான் கேட்கவில்லை. யார் சிரித்தார்கள் என்றும் தெரியாது, எந்தக் கிழவர் அழுதார் என்றும் தெரியாது.

"தெரியவில்லை" என்றேன்.

மாணிக்கம் சோற்றுச் சட்டியைப் பக்கத்தில் இழுத்தான். பிறகு என் இலையில் இன்னும் கொஞ்சம் சோற்றைத் தள்ளி வைத்தான்.

மறுநாள் வேலை முடிந்ததும் சைக்கிளில் தோட்டத்துக்குப் போனேன். அம்மா குழாயடியில் ரப்பர் பால்வாளியைக் கழுவிக்கொண்டிருந்தாள். முந்தின நாள் பெருமை இன்னும் அவள் முகத்தில் இருந்தது. மனுவுக்கு எந்தக் கடிதங்களை எடுத்துப் போக வேண்டும், சாட்சிக்கு யார் வர வேண்டும், வக்கீல் என்ன சொன்னார் என்று கேட்டேன்.

அம்மா வாளியைக் கீழே வைத்தாள்.

"ஏன்டா ஆறுமுவம், அவர பேச வச்சதே நீதானடா. ஒனக்குக் கேக்கலயா?"